கேமராவைப் பார்க்காதவர்கள்

'ஒற்றைத் தோடு' தொடரின் நூற்றுப் பதினேழாம் பகுதியில், கதாநாயகி சந்தையில் தக்காளி பொறுக்கிக்கொண்டிருந்தபோது, காணாமற்போய் மூன்று வருடமாகியிருந்த ஒரு வாலிபன் அவளுக்குப் பின்னால் சைக்கிளைத் தள்ளிக்கொண்டு போனான். இடப்பக்கம் வந்தான், வலப்பக்கம் மறைந்தான். ஆயிரம் கிலோமீட்டருக்கு அப்பால், சினலோவா மாநிலத்தில், அவனுடைய அம்மா சாயோ அந்த நேரத்தில் யாருடைய சட்டையையோ இஸ்திரி போட்டபடி தொலைக்காட்சி பார்த்துக்கொண்டிருந்தாள். பெட்டியைச் சட்டையின் மேலேயே விட்டுவிட்டு எழுந்தாள். சட்டை கருகியது. மெக்ஸிகோ நகரத்துச் சானலுக்குப் போன் போட்டாள். "தக்காளி வாங்குற பொண்ணுக்குப் பின்னாடி சைக்கிள் தள்ளிட்டுப் போறவன் என் பையன் செல்சோ. அந்தச் சைக்கிளும் எங்களுதுதான், பின்சக்கரத்துல நான் கட்டின சிவப்புத் துணி இருக்கு பாருங்க. அவனக் கொஞ்சம் அங்கயே நிக்கச் சொல்லுங்கம்மா, நான் பஸ் புடிச்சு வந்துர்றேன்."

போன் எடுக்கும் பெண்ணுக்கு இது புதிதில்லை. வில்லி பாலில் விஷம் கலந்துவிட்டாள், கதாநாயகியிடம் சொல்லிவிடுங்கள் என்று தினமும் யாராவது அழைப்பார்கள். ஆனால் காணாமற்போனவர்களைப் பற்றிய அழைப்பு எதுவானாலும் தன்னிடம் கொடுக்கச் சொல்லியிருந்தாள் தொடரை எழுதித் தயாரித்த ஓத்திலியா பராகான். அவளுடைய மகன் லிசாந்த்ரோவும் காணாமற்போயிருந்தான்.

ஓத்திலியா பதினெட்டு வயதில் தொர்ரேயோனிலிருந்து ஒரு பெட்டியோடு தலைநகருக்கு வந்தவள். அவளுக்குக் கிடைத்த முதல் வேலை ஒரு குரலாக இருப்பது. அங்கே தொடர் நடிகர்கள் வசனத்தை மனப்பாடம் செய்வதில்லை. காலையில் எழுதியதை மதியம் எடுத்து மாலையில் ஒளிபரப்பும்போது அதற்கு நேரமும் இல்லை. ஒவ்வொருவர் காதிலும் கொண்டைக்கடலை அளவில் ஒரு கருவி இருக்கும். கண்ணாடி அறைக்குள் ஒருத்தி உட்கார்ந்து வசனத்தைச் சொல்லச் சொல்ல, அரை நொடி கழித்து நடிகர் அதைத் தன் வாயால் சொல்வார். திரும்பு என்றால் திரும்புவார். அழு என்றால் அழுவார். யோசிக்கும் பழக்கம் உள்ளவர்கள் அந்தத் தொழிலில் நீடிக்கவில்லை. ஓத்திலியா மோசமான வசனங்களைப் படிக்கும்போதே சரிசெய்து சொல்லத் தொடங்கினாள். யாரும் கவனிக்கவில்லை, பார்வையாளர்கள் மட்டும் கூடினார்கள். சில வருடங்களில் அவளே எழுதினாள். இன்னும் சில வருடங்களில் அவளே தயாரித்தாள். மாலை ஏழு மணி என்றால் அது ஓத்திலியாவின் மணி என்றார்கள். அந்த நேரத்தில் பஸ்கள் காலியாக ஓடின, திருடர்களும் வேலைக்குப் போகவில்லை.

அவளுடைய பெயர் தொழிலில் நிலைத்ததற்குக் காரணம் ஒரே ஒரு வசனம். தொடரில் நடிப்பவர்கள் திடீரென்று விலகுவார்கள். கல்யாணம் ஆகும், சண்டை வரும், வேறு சானலுக்கு ஓடுவார்கள். அந்தப் பாத்திரத்தைக் கொல்வது பெரிய வேலை. சவப்பெட்டி வேண்டும், பாதிரியார் வேண்டும், மூன்று பகுதிகளுக்கு எல்லோரும் அழ வேண்டும். ஓத்திலியா ஒரு சுருக்கவழி கண்டுபிடித்தாள். யாராவது "அவன் எங்க?" என்று கேட்பார்கள். இன்னொருவர் "அவன் வடக்கே போயிட்டான்" என்பார். பக்கத்திலேயே நடிகருக்கான குறிப்பு இருக்கும்: நிமிர்ந்து பார்க்காமல் தோளைக் குலுக்க வேண்டும். எல்லைக்கு அந்தப் பக்கம் பிழைக்கப் போனவர்கள் ஒவ்வொரு வீட்டிலும் இருந்ததால் யாரும் மேற்கொண்டு கேட்கவில்லை. மற்ற சானல்களும் அதை எடுத்துக்கொண்டன. இருபத்தைந்து வருடங்களில் ஒரு சிறிய ஊரையே அவள் வடக்கே அனுப்பியிருந்தாள்.

லிசாந்த்ரோ படப்பிடிப்புத் தளத்தில் வளர்ந்தான். அப்பா என்று ஒருவர் இருந்தார், அவர் உண்மையாகவே வடக்கே போனவர். ஆறு வயதில் ஒரு திருவிழாக் காட்சியில் கூட்டத்தோடு நடக்க லிசாந்த்ரோவை விட்டார்கள். துணை நடிகர்களுக்கு ஒரே விதிதான், கேமராவைப் பார்க்கக்கூடாது. அவன் நேராகப் பார்த்தான். மறுபடி எடுத்தார்கள், மறுபடியும் பார்த்தான். நான்காவது முறை ஓத்திலியா கண்ணாடி அறையிலிருந்து இறங்கி வந்து எல்லோர் முன்னாலும் அவனை அறைந்தாள். "எங்கடா பாக்குற?" என்றாள். "நீ அதுக்குள்ள இருந்துதானம்மா பாக்குற" என்றான் அவன். தளத்தில் எல்லோரும் சிரித்தார்கள். அவள் சிரிக்கவில்லை, வெளிச்சம் போய்க்கொண்டிருந்தது.

இருபத்திரண்டு வயதில் அவன் மஞ்சள் சட்டை போட்டுக்கொண்டு, நண்பனோடு கடற்கரைக்குப் போவதாகச் சொல்லி பஸ் ஏறினான். பஸ் போய்ச் சேர்ந்தது. அவர்கள் இருவரும் சேரவில்லை. மலைப்பாதையில் சிலர் பஸ்ஸை நிறுத்தி வாலிபர்களை இறக்கினார்கள் என்று ஓட்டுநர் சொன்னார், பிறகு அப்படிச் சொல்லவில்லை என்றார். அந்தப் பாதையில் இருந்த ஊர்க் காவல் நிலையத்துக்கு ஓத்திலியா போனாள். மேசையில் இருந்தவர் பப்பாளி சாப்பிட்டுக்கொண்டிருந்தார். "பசங்க அப்படித்தாம்மா. அவன் வடக்கே போயிருப்பான்" என்றார். நிமிர்ந்து பார்க்காமல் தோளைக் குலுக்கினார். அதன் பிறகுதான் அவளை அடையாளம் கண்டுகொண்டார். "ஐயோ, நீங்களா! என் சம்சாரம் உங்க தொடர ஒரு நாள் விடமாட்டா."

வாசலில் வேறு பெண்கள் காத்திருந்தார்கள். எல்லோருக்கும் அங்கே அதே பதில்தான் கிடைத்திருந்தது, அதே தோள்குலுக்கலோடு. அது யார் எழுதியது என்று அவர்களுக்குத் தெரியாது. ஓத்திலியா தலையில் துணியைப் போட்டுக்கொண்டு அவர்களைக் கடந்து போனாள்.

அதற்கு அடுத்த வருடம் அவள் எழுதிய தொடர்தான் 'ஒற்றைத் தோடு'. குழந்தையில் பிரிக்கப்பட்ட ஏழைப்பெண்ணிடம் ஒரு தோடு, பணக்கார வீட்டில் இன்னொரு தோடு. அதில் புதிதாக எதுவும் இல்லை, சைக்கிள் போகும்வரை.

சாயோவின் போனுக்குப் பிறகு ஓத்திலியா அந்தக் காட்சியைத் திரும்பத் திரும்பப் போட்டுப் பார்த்தாள். பின்னணி மங்கலாகத் தெரியவேண்டிய லென்ஸ் அது. தக்காளிக்குப் பின்னால் இருந்த எல்லாமே மங்கலாக இருந்தன. அவன் மட்டும் தெளிவாக இருந்தான், சக்கரத்தில் கட்டிய சிவப்புத் துணியின் முடிச்சு உட்பட. கேமராக்காரன் தாச்சோ சத்தியம் செய்தான். "இந்த ஆள நான் புடிக்கவே இல்ல மேடம். நான் புடிச்சது தக்காளி." நூற்றுப் பதினெட்டில், பஸ் நிலையத்தில், மூன்று பேர் போனார்கள். நூற்றிருபதில், மழைக்காட்சியில், நனையாத பள்ளிச்சீருடையோடு இரண்டு சிறுமிகள் நின்றார்கள். ஒருவரும் கேமராவைப் பார்க்கவில்லை. நன்றாகப் பழக்கப்பட்ட துணை நடிகர்களைப் போல நடந்துகொண்டார்கள் என்று தாச்சோ பாராட்டினான். துணை நடிகர் சங்கத்திலிருந்து ஆட்கள் வந்து, உறுப்பினர் அல்லாதவர்களுக்கு வேலை கொடுப்பது முறையில்லை என்று சத்தம் போட்டார்கள். சானலுக்கு மகிழ்ச்சி. நாட்டில் யாரும் ஏழு மணிக்கு வேறு எதையும் பார்க்கவில்லை.

அம்மாக்கள் வந்தார்கள், முதலில் சாயோ. சொனோராவிலிருந்தும் வெராக்ரூஸிலிருந்தும் பஸ்ஸில் வந்து, படத்தை மார்பில் தொங்கவிட்டுக்கொண்டு, ஸ்டூடியோ வாசலில் சோளமாவில் அவித்த தமால் விற்பவளுக்குப் பக்கத்தில் உட்கார்ந்தார்கள். கறுப்புக் கண்ணாடி வைத்த கார்களில் நடிகர்கள் உள்ளே போவதை அவர்கள் பார்க்கவே இல்லை. ஓத்திலியா வந்தால் மட்டும் எழுந்தார்கள். "எம்பையன் மெக்கானிக்கும்மா. சந்தைக்கெல்லாம் வரமாட்டான். ஒரு பட்டறை எழுதிப் பாருங்களேன்" என்றாள் ஒருத்தி. "என் பொண்ணு சலூன்ல வேல பாத்தா, முடி வெட்டுற மாதிரி ஒண்ணு வையுங்க" என்றாள் இன்னொருத்தி. ஓத்திலியா எழுதினாள். அதனால் காதலர்கள் காரணமில்லாமல் ஒரு பட்டறையில் பிரிந்து ஒரு சலூனில் சேர்ந்தார்கள். பணக்கார வீட்டுக் கிழவர் கோழிச்சண்டை மைதானத்தில் உயில் எழுதினார். பத்திரிகைகள் அவளுக்குக் கதை வற்றிவிட்டது என்று எழுதின. பட்டறையில் காருக்கு அடியிலிருந்து ஒருவன் முகத்தைத் துடைத்துக்கொண்டு எழுந்தான். சலூனில் ஒருத்தி குனிந்து தரையைப் பெருக்கினாள்.

லிசாந்த்ரோவுக்காகவும் அவள் எழுதினாள். அவனுக்குப் பிடித்த இறால் கடை, இசைத்தட்டுக் கடை, அவன் நீந்திய குளம். மற்றவர்களின் பிள்ளைகள் அங்கெல்லாம் வந்தார்கள். அவன் வரவில்லை. வருபவர்களின் அம்மாக்கள் வாசலில் மண்டியிட்டு அவள் கையை முத்தமிட்டபோது அவளுக்கு அந்தக் கையை உதறவேண்டும் போல இருந்தது.

பிறகு ஒரு நாள் சாயோ மறுபடி வந்தாள். இந்த முறை மார்பில் படம் இல்லை. செல்சோவைத் தோண்டி எடுத்துவிட்டார்கள், எள் வயலில், சைக்கிளோடு. ஓத்திலியா அவளைத் தன் அறையில் உட்காரவைத்துக் காப்பி கொடுத்தாள். சாயோ அதைக் குடிக்காமல் கோப்பையைக் கையில் வைத்துக்கொண்டு பேசினாள்.

"எங்க தெருவுல குமாரோன்னு ஒருத்தன். ரெண்டு வருஷம் மலையில அடிமையா வச்சு வேல வாங்கியிருக்கானுங்க. தப்பிச்சு வந்துட்டான், எலும்பும் தோலுமா. அவன் அம்மா உங்க தொடர ஒரு நாள் விடல. அவன் ஒரு நாள் கூட அதுல வரல." சாயோ கோப்பையைக் கீழே வைத்தாள். "நான் எல்லார்ட்டயும் கேட்டுப் பாத்துட்டேன் ஓத்திலியாம்மா. டிவில வந்தவங்க யாரும் வீட்டுக்கு வரல. வீட்டுக்கு வந்தவன் டிவில வரல."

"வெளிய இருக்கறவங்களுக்குத் தெரியுமா?"

"தெரியாமயா? உங்களுக்குத்தான் யாரும் சொல்லல. உங்க பையன் இன்னும் வரலல்ல, நீங்க நல்லா இருங்கன்னு விட்டுட்டோம்."

அன்றிலிருந்து கதாநாயகி எந்தக் குளத்துக்கும் போகவில்லை. இறால் கடை மூடப்பட்டதாக ஒரு பாத்திரம் சொன்னது. மஞ்சள் நிறத்தில் யார் உடுத்தினாலும் ஓத்திலியா கத்தினாள். மற்றவர்களுக்காகப் பட்டறையும் பள்ளிக்கூடமும் எழுதினாள். அந்தப் பகுதிகள் ஒளிபரப்பாகும்போது மட்டும் வேறு அறைக்குப் போய், கைவிடப்பட்டவர்கள் வேண்டிக்கொள்ளும் புனித யூதா ததேயுவின் படத்துக்கு முன்னால் நின்றுகொண்டாள். அவன் வராத ஒவ்வொரு மாலையும் அவன் உயிரோடு இருந்தான்.

சானல் தலைவர் அர்துரோ அர்ரியாகா அவளைக் கூப்பிட்டனுப்பியது மழைக்காலம் முடியும் சமயத்தில். அவர் இளமையில் நடிகராக இருந்தவர். ஓத்திலியா அவர் காதுக்குள் வருடக்கணக்காகப் பேசியிருக்கிறாள். அந்தப் பழக்கத்தால் இன்றும் எந்தக் கேள்விக்கும் அரை நொடி தாமதித்துத்தான் பதில் சொல்வார். "தொடர முடிச்சுரு" என்றார். "வழக்கம்போல கடைசிப் பகுதி நேரடி ஒளிபரப்பு, வழக்கம்போல கல்யாணம். ஆனா சின்ன தேவாலயம். வெள்ளைச் சுவர். பொண்ணு, மாப்பிள்ள, பாதிரியார். பின்னாடி ஒரு பூச்சட்டிகூட வேணாம்."

"ஊரே வராத கல்யாணம் எந்தத் தொடர்ல நடந்திருக்கு அர்துரோ? அடிக்க வருவாங்க."

அரை நொடி. "பெரிய இடத்துலேருந்து போன் வந்துருச்சு. நீ கத எழுதல, கணக்கெடுக்கறன்னு சொல்றாங்க." மறுபடி அரை நொடி. "லிசாந்த்ரோ விஷயமாவும் பேசியிருக்கேன். நீ அமைதியா முடிச்சுக் குடுத்தா, அவன் எங்க இருந்தாலும் தேடிக் கொண்டாந்துர்றதா சொல்லியிருக்காங்க."

அவர் காதில் கருவி இல்லை. ஆனாலும் அது வேறொருவர் சொல்லிக்கொடுத்த வசனம் என்று அவளுக்குத் தெரிந்தது. தெரிந்தும் அவள் வீட்டுக்குப் போய் வெள்ளைச் சுவரை எழுதினாள். அவளுக்கு அது வசதியாகவும் இருந்தது. கூட்டம் இல்லாத இடத்தில் யாரும் வரமுடியாது. தொடர் முடிந்துவிட்டால் அவன் இனி எப்போதும் வரமுடியாது. மீதி வாழ்நாள் முழுவதும் அவள் கதவைப் பார்த்துக்கொண்டிருக்கலாம்.

கடைசிப் பகுதியன்று மாலை ஸ்டூடியோவுக்குள் அவளுடைய கார் திரும்பியபோது வாசலில் புதிதாக ஒருத்தி நின்றாள். சியாப்பாஸிலிருந்து வந்தவள், கால் வீங்கியிருந்தது. கண்ணாடியைத் தட்டினாள். "கடைசிக் கல்யாணம் பெருசா இருக்குமாம்மா?" என்றாள். ஓத்திலியா ஏன் என்று கேட்டாள். "எம்பையன் ரொம்பக் கூச்சப்படுவான். இத்தன நாளா வரல. கூட்டம் நெறைய இருந்தா, நடுவுல ஒளிஞ்சு ஒளிஞ்சு வந்துருவான்."

"வந்தா என்ன அர்த்தம்னு தெரியுமா உனக்கு?"

"தெரியும்மா" என்றாள் அவள். "எனக்கு முழங்கால் போச்சு. இன்னும் எத்தன மலைல ஏறித் தேடறது."

நேரடி ஒளிபரப்பு தொடங்கியது. நாடு நின்றது. ஓத்திலியா கண்ணாடி அறைக்குள் போய், வசனம் சொல்லும் பெண்ணை எழுந்திருக்கச் சொல்லிவிட்டு, பல வருடங்களுக்குப் பிறகு அந்த நாற்காலியில் உட்கார்ந்தாள். வெள்ளைச் சுவருக்கு முன்னால் மாப்பிள்ளை பையிலிருந்து இரண்டாவது தோட்டை எடுத்தான். அவள் மைக்கில் சொன்னாள்: "கை நடுங்குது. தோடு விழுது." அவன் கை நடுங்கியது, தோடு விழுந்தது. "உருண்டு வெளிய போயிருச்சு. கதவத் திற. ரெண்டு பேரும் வெளிய போங்க." காதில் விழுந்ததைச் செய்வதுதான் அவர்களுக்குத் தெரியும். மணப்பெண் பாவாடையைத் தூக்கிக்கொண்டு ஓடினாள், பாதிரியார்கூட ஓடினார். தாச்சோ எதுவும் கேட்கவில்லை. கேமராவைத் தோளில் போட்டுக்கொண்டு பின்னால் போனான். ஒளிபரப்பை நிறுத்தச் சொல்லி அர்ரியாகா போனில் கத்தினார். நிறுத்தும் பொத்தானுக்குப் பக்கத்தில் இருந்தவர் தன் மைத்துனனைத் தேடிக்கொண்டிருந்தவர். அவர் போனைத் திருப்பி வைத்துவிட்டுத் திரையைப் பார்த்தார்.

தேவாலயத்துக்கு வெளியே ஒட்டுப்பலகையில் செய்த தெரு. ஒரு நீரூற்று, ஒரு நாய். அங்கே வேறு யாரும் இல்லை என்று தாச்சோ இன்றும் சொல்கிறான். திரையில் அந்தத் தெரு நிரம்பியிருந்தது. தெருவுக்கு அப்பால் ஒட்டுப்பலகை முடியும் இடத்திலும் நிற்காமல், கண்ணுக்கு எட்டும்வரை நிரம்பியிருந்தது. தொழிற்சாலைச் சீருடைகள், முதல் நற்கருணை உடைகள், ஒரு கால்பந்துக் குழு முழுவதும், நிறைமாதக்காரி ஒருத்தி, பையில் ரொட்டியோடு ஒரு கிழவர். மணப்பெண் தோட்டைத் தேடிக்கொண்டு நடக்க அவர்கள் வழிவிட்டார்கள். வாசலில் சின்னத் தொலைக்காட்சியைச் சுற்றி உட்கார்ந்திருந்தவர்களில் சியாப்பாஸ்காரி, "அதோ, அந்தத் தடியன் முதுகுக்குப் பின்னாடி" என்று விரலை நீட்டினாள்.

வேறு அறைக்குப் போக ஓத்திலியாவுக்கு வழி இருந்தது. அவள் போகவில்லை. பலூன் விற்பவனுக்கு இடப்பக்கம் மஞ்சள் சட்டை தெரிந்தது. முதலில் தோள், பிறகு காது, பிறகு முழுவதும். கொஞ்சம் இளைத்திருந்தான். மற்ற எல்லோரையும் போல அவனும் கேமராவைப் பார்க்காமல் போய்க்கொண்டிருந்தான், நன்றாகப் பாடம் கற்றவனைப் போல. ஓத்திலியா மைக்குக்குப் பக்கத்தில் வாயை வைத்தாள்.

"பாரு" என்றாள். "பரவாயில்லடா. நான் உள்ளதான் இருக்கேன். பாரு."

எல்லா நடிகர்களின் காதிலும் அது விழுந்தது. மணப்பெண் திரும்பிக் கேமராவைப் பார்த்தாள். மாப்பிள்ளை பார்த்தான். பாதிரியார் பார்த்தார். அரை நொடி கழித்து, அவர்களுக்குப் பின்னால் தெருமுழுவதும் இருந்தவர்கள், காதில் எதுவும் இல்லாதவர்கள், ஒவ்வொருவராகத் திரும்பினார்கள். முகங்கள் அத்தனையும் தெளிவாக இருந்தன. லிசாந்த்ரோ கடைசியாகத் திரும்பினான். ஆறு வயதில் பார்த்தது போலவே நேராகப் பார்த்தான்.

மறுநாள் ஓத்திலியாவை சானலைவிட்டு அனுப்பினார்கள். அதன் பிறகு அவள் எதுவும் எழுதவில்லை. இப்போது வாரக்கடைசியில் சாயோவோடும் சியாப்பாஸ்காரியோடும் கடலோர மலைப்பக்கம் போகிறாள். இரும்புக்கம்பியை மண்ணில் இறக்கி, வெளியே இழுத்து, முனையை முகர்ந்து பார்க்கிறார்கள். பிணவாடை வரும் இடங்களில் தோண்டுகிறார்கள். லிசாந்த்ரோ இன்னும் கிடைக்கவில்லை. தொடரைச் சின்னச் சின்னச் சானல்கள் வாங்கி மறுபடி மறுபடி போடுகின்றன, பிற்பகல் நான்கு மணிக்கு. ஒவ்வொரு முறையும் தெருவில் கூட்டம் கொஞ்சம் அதிகமாக இருக்கிறது. துணை நடிகர் சங்கம் அவர்கள் எல்லோரையும் கௌரவ உறுப்பினர்களாகச் சேர்த்துக்கொண்டது.

காவல் நிலையங்களில் இன்னும் பழைய பதிலைத்தான் சொல்கிறார்கள். ஆனால் ஊர்களில் யாரும் இப்போது வடக்கைப் பற்றிப் பேசுவதில்லை. போன மாதம் குலியாக்கான் போகும் பஸ்ஸில், கம்பியைக் காலுக்கிடையில் வைத்துக்கொண்டு உட்கார்ந்திருந்த ஓத்திலியாவிடம் பக்கத்து இருக்கைக்காரி ஆரஞ்சுச் சுளை ஒன்றை நீட்டினாள். "தெருவுல உங்களுக்கு யாரு இருக்காங்க?" என்றாள்.

"பையன்."

"எந்தப் பக்கம்?"

"பலூன்காரனுக்கு இடப்பக்கம். மஞ்சச் சட்ட."

"ஆமா, ஆமா, பாத்திருக்கேன்" என்றாள் அந்தப் பெண். "என் தங்கச்சி அவனுக்கு ரெண்டு ஆள் தள்ளி." இருவரும் ஆரஞ்சு தின்றார்கள்.